வாசகர் கேள்வி – பதில்: எட்டு டிராக்கும் இருபது நிமிடப் பாட்டும்

எழுபதுகளின் பிராக்ரஸிவ் ராக் (நீண்ட, பல பகுதிகள் கொண்ட ராக் இசை; சுருக்கமாக பிராக் ராக்) ஆல்பங்கள் ஸ்டுடியோவில் எப்படிப் பதிவாயின என்று கேட்டு வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில்.

மல்டிடிராக் ரெக்கார்டிங் பீட்டில்ஸ் காலத்திலேயே இருந்ததுதானே? பிராக் ராக்கோடு மட்டும் அதை ஏன் இவ்வளவு சேர்த்துப் பேசுகிறார்கள்?
– வாசகர், சேலம்

இருந்தது. அமெரிக்காவில் கிதார் கலைஞர் லெஸ் பால் 1957-லேயே ஆம்பெக்ஸின் 8 டிராக் மெஷினை வாங்கிவிட்டார். லண்டனுக்கு அது வந்துசேரப் பத்து வருடத்துக்கு மேல் ஆயிற்று. 1967-ல் ஆபி ரோடு ஸ்டுடியோவில் பீட்டில்ஸுக்குக் கிடைத்தது ஒரு அங்குல டேப்பில் 4 டிராக்தான். 1968-ல் அது 8 ஆனது. எழுபதுகளின் தொடக்கத்தில் 16, 1973 வாக்கில் 24. கிங் கிரிம்சன், யெஸ், பிங்க் ஃபிளாய்ட் எல்லாரும் தங்கள் முக்கியமான ஆல்பங்களைப் போட்டது இந்த ஐந்தாறு வருடங்களுக்குள். ஒவ்வொரு ஆல்பத்துக்கும் ஸ்டுடியோவுக்கு உள்ளே போகும்போது அங்கே இருந்த மெஷின் வேறு. அதனால் இந்த இசையில் எத்தனை டிராக் கிடைத்தது என்பது பாட்டின் அமைப்பிலேயே தெரியும்.

அடிப்படையை ஒரு முறை சொல்லிவிடுகிறோம். டேப்பின் அகலத்தை நீளவாக்கில் பல பட்டைகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் தனித்தனியாகப் பதிவதுதான் மல்டிடிராக். முதலில் டிரம்ஸும் பேஸும். அதை ஹெட்ஃபோனில் கேட்டபடியே கிதார். பிறகு கீபோர்டு, கடைசியில் குரல். இதில் ஒரு சிக்கல் உண்டு. டேப் மெஷினில் பதியும் ஹெட் (டேப் உரசிச் செல்லும் காந்த முனை) ஓரிடத்தில், ஒலிக்கும் ஹெட் அதற்கு அடுத்து. இரண்டுக்கும் இடையே 5 செ.மீ. இருந்தால், நொடிக்கு 38 செ.மீ. வேகத்தில் ஓடும் டேப்பில் அது 0.13 நொடித் தாமதம். வாசிப்பவர் எவ்வளவு தாளம் தப்பாதவராக இருந்தாலும் பதிவில் பின்தங்கித்தான் விழுவார். எனவே ஓவர்டப் செய்யும்போது, அதாவது பதிந்ததோடு புதிதாக ஒன்றைச் சேர்க்கும்போது, பழைய டிராக்குகளைப் பதியும் ஹெட் வழியாகவே கேட்கவைப்பார்கள். மேல்ஸ்தாயி ஒலி கொஞ்சம் மங்கும். ஆனால் தாளம் சரியாக இருக்கும்.

பிங்க் ஃபிளாய்டின் 'ஆட்டம் ஹார்ட் மதர்' பாட்டில் தாளம் அங்கங்கே ஏறி இறங்குகிறது. நிக் மேசன் நல்ல டிரம்மர் ஆயிற்றே?
– வாசகர், தூத்துக்குடி

சரியாகக் கேட்டிருக்கிறீர்கள். காரணம், ஸ்டுடியோ போட்ட ஒரு உத்தரவு.

1970-ல் ஆபி ரோட்டுக்குப் புது ஸ்டூடர் 8 டிராக் மெஷின்கள் வந்திருந்தன. டேப் ஒரு அங்குல அகலம். வெட்டி ஒட்டினால் தரம் கெடும் என்று அஞ்சிய, ஸ்டுடியோவின் உரிமையாளரான இ.எம்.ஐ. நிர்வாகம், இந்த டேப்பில் யாரும் பிளேடு வைக்கக்கூடாது என்று சொல்லிவிட்டது. பாட்டின் நீளமோ ஏறக்குறைய 24 நிமிடம். பகுதி பகுதியாக வாசித்து ஒட்டும் வழி அடைபட்டது. ரோஜர் வாட்டர்ஸும் மேசனும் பேஸையும் டிரம்ஸையும் மட்டும் வைத்து முழுப் பாட்டையும் ஒரே மூச்சில் வாசிக்க வேண்டியதாயிற்று. மற்ற வாத்தியங்களுக்கு டிராக் மிச்சம் வேண்டும் என்பதால் இவர்கள் இருவருக்கும் சேர்த்து இரண்டே டிராக். மெலடி இல்லை, கிதார் இல்லை. இப்போது எந்த இடத்தில் இருக்கிறோம் என்பதை மனசுக்குள் எண்ணிக்கொண்டே 24 நிமிடம் வாசிக்க வேண்டும். தவறினால் முதலிலிருந்து.

அப்படிப் பதிவான அஸ்திவாரத்தில் தாளம் அசைவது இயல்பு. பிரச்சினை அதன் மேல் கட்டியவர்களுக்குத்தான் வந்தது. ரான் கீஸின் எழுதிய பிராஸ் (டிரம்பெட் போன்ற பித்தளைக் காற்று வாத்தியங்கள்) பகுதிகளையும் ஜான் ஆல்டிஸ் குழுவின் கோரஸையும் இந்த அசையும் தாளத்தின் மேல்தான் வாசிக்கவும் பாடவும் வேண்டியிருந்தது. முதலில் போடும் டிராக்கில் தாளம் எப்படி விழுகிறதோ, அதைத்தான் பின்னால் வரும் அத்தனை பேரும் பின்பற்ற வேண்டும். பின்னால் திருத்த வழியே கிடையாது. நீங்கள் கேட்ட அந்த ஏற்ற இறக்கம் வாசிப்பின் குறை அல்ல என்பது எங்கள் உறுதியான கருத்து.

அடுத்த வருடமே அவர்கள் பாடம் கற்றுக்கொண்டார்கள். 1971-ல் 'மெடில்' ஆல்பத்தின் போது ஆபி ரோட்டில் இன்னும் 8 டிராக்தான் என்பதால், வேலையை 16 டிராக் இருந்த ஏர் ஸ்டுடியோவுக்கு மாற்றினார்கள். 23 நிமிட 'எக்கோஸ்' துண்டு துண்டான யோசனைகளாகப் பதிவாகிப் பிறகு கோக்கப்பட்டது. தொடக்கத்தில் சொட்டும் அந்த ஒற்றை ஒலி, பியானோவின் ஒரு மேல் சுரத்தை லெஸ்லி சுழல் ஸ்பீக்கர் வழியாக விட்டதால் வந்தது.

கிங் கிரிம்சனின் முதல் ஆல்பத்தில் அத்தனை மெலோட்ரான், புல்லாங்குழல், சாக்ஸபோன், கோரஸ் கேட்கிறது. எட்டே டிராக்கில் எப்படி அடங்கியது?
– வாசகர், கோயம்புத்தூர்

பவுன்ஸ் செய்துதான். 1969 ஜூலை, ஆகஸ்டில் லண்டன் வெஸெக்ஸ் ஸ்டுடியோவில் 8 டிராக்கில் பதிவான ஆல்பம் அது. எட்டும் நிரம்பியதும் அவற்றை ஒலி அளவு பார்த்துக் கலந்து, இன்னொரு டேப்பில் ஒன்றிரண்டு டிராக்குகளில் பதிந்துகொள்வார்கள். மிச்ச டிராக்குகள் காலி. மறுபடி நிரப்பலாம்.

வசதிதான், ஆனால் விலை அதிகம். முதலாவது, கலந்தது கலந்ததுதான். மெலோட்ரானைக் கொஞ்சம் குறைத்திருக்கலாம் என்று மறுநாள் தோன்றினால், கூடவே ஒட்டியிருக்கும் டிரம்ஸும் குறையும். இரண்டாவது, ஒவ்வொரு நகலிலும் இரைச்சல் கூடும், சிம்பலின் கூர்மை மழுங்கும். மூன்றாவது, ஒரே மெஷினுக்குள் பவுன்ஸ் செய்யும்போது பக்கத்து டிராக்கில் பதிந்தால், பதியும் ஒலி பக்கத்து டிராக் வழியே கசிந்து திரும்பி வந்து ஊளையிடும். இடையில் ஒரு டிராக் விட்டுத்தான் பதிய வேண்டும். அந்த ஒரு டிராக் எட்டில் ஒரு பங்கு என்பதை நினைத்துப் பாருங்கள்.

அதனால் பாட்டு முடியும் முன்பே கலவையைத் தீர்மானித்துவிட வேண்டும். அந்த ஆல்பத்தில் வாத்தியங்கள் தனித்தனியாக இல்லாமல் ஒரே பாறையாக வந்து மோதுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

மெலோட்ரான் பற்றியும் சொல்ல வேண்டும். அது ஒரு கீபோர்டு. அதன் ஒவ்வொரு கட்டைக்குக் கீழும் ஒரு டேப் துண்டு. வயலின் குழுவோ புல்லாங்குழலோ அதில் பதிவாகியிருக்கும். கட்டையை அழுத்தினால் டேப் ஓடும், ஏறக்குறைய 8 நொடியில் தீர்ந்துவிடும். விரலை எடுத்தால் ஸ்பிரிங் அதைப் பழைய இடத்துக்கு இழுக்கும். ஆகவே வாசிப்பவர் 8 நொடிக்குள் சுரத்தை மாற்றியாக வேண்டும். அந்தக் காலப் பாடல்களில் மெலோட்ரான் கார்டுகள் மெல்ல, ஆனால் விடாமல் மாறிக்கொண்டே இருப்பதைக் கவனியுங்கள். ஒரே நேரத்தில் பல கட்டைகளை அழுத்தினால் மோட்டாருக்குச் சுமை ஏறிச் சுருதி இறங்கும். அந்த நடுக்கத்தையும் சேர்த்துத்தான் நாம் ரசிக்கிறோம்.

யெஸ் குழுவின் 'குளோஸ் டு தி எட்ஜ்' 18 நிமிடத்துக்கு மேல் போகிறது. ஒரே டேக்கில் வாசித்தார்களா?
– வாசகர், யாழ்ப்பாணம்

இல்லை. 1972-ல் லண்டன் அட்விஷன் ஸ்டுடியோவில், ஒலிப்பதிவாளர் எடி ஆஃபர்டுடன் உட்கார்ந்து சிறு சிறு பகுதிகளாகப் பதிந்து, டேப்பை வெட்டி ஒட்டிக் கட்டிய பாட்டு அது. ஒரு பகுதி திருப்தியாக வந்ததும் அடுத்ததை ஒத்திகை பார்த்து, பதிந்து, முந்தையதோடு ஒட்டுவார்கள். மேடையில் முழுதாக வாசிக்கக் கற்றுக்கொண்டது ஆல்பம் முடிந்த பிறகுதான்.

டேப்பின் நீளமும் இங்கே பேசும். பெரிய ரீல் ஒன்றில் 2,500 அடி டேப். நொடிக்கு 15 அங்குல வேகத்தில் 33 நிமிடம் ஓடும். இன்னும் தெளிவாகக் கேட்க 30 அங்குல வேகத்துக்குப் போனால் 16 நிமிடம் 40 நொடியில் ரீல் தீர்ந்துவிடும். 18 நிமிடப் பாட்டு அதில் அடங்காது.

16 டிராக் டேப் இரண்டு அங்குல அகலம். அதை வெட்டுவதில் ஒரு நுட்பம் உண்டு. கால் அங்குல டேப்பை 45 பாகை சாய்த்து வெட்டுவது வழக்கம். ஒட்டு மெதுவாகக் கடக்கும், 'டக்' என்று கேட்காது. இரண்டு அங்குல டேப்பில் அதே சாய்வைப் போட்டால் மேல் விளிம்பில் உள்ள டிராக்குக்கும் கீழ் விளிம்பில் உள்ளதற்கும் இடையே இரண்டு அங்குல வித்தியாசம். 15 அங்குல வேகத்தில் அது 0.13 நொடி. டிரம்ஸ் புதுப் பகுதிக்குத் தாவிய பிறகும் பேஸ் பழைய பகுதியிலேயே இருக்கும். எனவே அகல டேப்பைச் செங்குத்துக்கு நெருக்கமாக வெட்டுவார்கள். வெட்டும் இடமும் முக்கியம். சிம்பல் ஒலி நீளும் இடத்தில் வெட்டினால் அந்த நீட்சி சட்டென்று அறுந்துபோகும். பலமான டிரம் அடி விழுவதற்கு ஒரு மயிரிழை முன்பு வெட்டினால் அந்த அடியே ஒட்டை மறைத்துவிடும்.

இந்தப் பாட்டில் வரும் சர்ச் ஆர்கனை யெஸ்ஸின் கீபோர்டு கலைஞர் ரிக் வேக்மன் லண்டனிலேயே செயின்ட் கைல்ஸ் கிரிப்பிள்கேட் தேவாலயத்தில் வாசித்தார். வெளியே பதிந்ததை ஸ்டுடியோ டேப்போடு சேர்ப்பதில் எப்போதும் ஒரு தலைவலி உண்டு. குழாய் ஆர்கனின் சுருதி காற்றின் வெப்பத்தைப் பொறுத்தது. ஒரு பாகை ஏறினால் அரைச் சுரத்தின் நூறில் மூன்று பங்கு ஏறும். ஆர்கனை உடனே சுருதி மாற்ற முடியாது. டேப் வேகத்தைத்தான் மாற்ற வேண்டும். வேகம் 6 சதவீதம் மாறினால் அரைச் சுரம் மாறும் என்பது கணக்கு.

'மணி' பாட்டின் தொடக்கத்தில் வரும் காசு, கல்லாப்பெட்டிச் சத்தத்தை டேப்பில் எப்படிச் செய்தார்கள்? செய்முறை வேண்டும்.
– வாசகர், மதுரை

பிங்க் ஃபிளாய்டின் 'டார்க் சைட் ஆஃப் தி மூன்', ஆபி ரோட்டில் 1972–73-ல் 16 டிராக்கில் பதிவாகி 1973 மார்ச் 1 அன்று வெளிவந்தது. ஆலன் பார்சன்ஸ் ஒலிப்பதிவாளர். 'மணி'யின் பாடும் பகுதி ஏழு எண்ணிக்கைத் தாளம். காசு, கிழியும் காகிதம், கல்லாப்பெட்டி, கணக்கு மெஷின் என்று எண்ணிக்கைக்கு ஒரு சத்தம். காசுச் சத்தத்தை வாட்டர்ஸ் பெரிய மண் கிண்ணத்தில் நாணயங்களைப் போட்டுப் பதிந்தார். பிறகு ஸ்கேல் வைத்து டேப்பை அளந்து வெட்டினார்கள்.

கணக்கு இப்படி வரும். நிமிடத்துக்கு 120 எண்ணிக்கை என்று வைத்துக்கொண்டால் ஒன்றுக்கு அரை நொடி. நொடிக்கு 38.1 செ.மீ. வேகத்தில் அது 19.05 செ.மீ. டேப். ஏழும் சேர்ந்தால் 133 செ.மீ.க்குச் சற்று மேல். ஒவ்வொரு சத்தத்தையும் தனியாகப் பதிந்து, ரீலைக் கையால் முன்னும் பின்னும் மெல்ல ஆட்டிச் சத்தம் பிறக்கும் புள்ளியைக் கண்டுபிடித்து, டேப்பின் பின்பக்கத்தில் மெழுகுப் பென்சிலால் குறியிட வேண்டும். அந்தக் குறியிலிருந்து 19.05 செ.மீ. அளந்து வெட்ட வேண்டும். சத்தம் சீக்கிரமே முடிந்துவிட்டால் மிச்ச நீளத்துக்குப் பதியாத டேப்பை ஒட்டுங்கள். ஏழு துண்டையும் கோத்து, நுனியையும் முனையையும் சேர்த்தால் வளையம். அதை ஹெட் வழியாக ஓட்டி, தொங்கும் பகுதியை மைக் ஸ்டாண்டில் மாட்டி இழுவையோடு நிறுத்த வேண்டும்.

கெடுவது பெரும்பாலும் மூன்று இடங்களில். பிளேடு காந்தமேறியிருந்தால் ஒவ்வொரு ஒட்டிலும் 'டிக்' என்று கேட்கும். ஒட்டும் டேப் விளிம்புக்கு வெளியே ஒரு துளி நீண்டிருந்தாலும் டேப்பை வழிநடத்தும் கைடில் ஒட்டி வளையம் தடுக்கும். ஸ்டாண்டை அதிகம் விலக்கினால் டேப் வழுக்கித் தாளம் இழுக்கும். மிகத் தளர்த்தினால் சுருதி அலையும். அளவில் 1 செ.மீ. தவறினால் 0.026 நொடி, தாளம் நொண்டுவது நன்றாகவே கேட்கும். 1 மி.மீ. பிழையை யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள்.

டிராக் கூடக் கூட இரைச்சலும் கூடாதா?
– வாசகர், புதுச்சேரி

கூடும். டிராக் எண்ணிக்கை இரட்டிப்பானால் கலவையில் டேப் இரைச்சல் 3 டெசிபல் ஏறும். ஒன்றுக்குப் பதில் 16 டிராக் திறந்திருந்தால் 12 டெசிபல். 24 டிராக்கை அதே இரண்டு அங்குலத்தில் அடக்கும்போது ஒவ்வொரு பட்டையும் ஒல்லியாவதால் இன்னும் கொஞ்சம். டால்பி ஏ என்ற கருவி 10 டெசிபல், மேல்ஸ்தாயியில் 15 வரை குறைத்துக் கொடுத்தது. அது இல்லாமல் 16 டிராக்கில் மெல்லிய பகுதிகளை யாரும் தைரியமாக வைத்திருக்க முடியாது. ஒவ்வொரு டிராக்குக்கும் ஒரு டால்பி வேண்டும், டேப்பின் தொடக்கத்தில் அதன் அளவுச் சுரத்தை (ஒலி அளவைச் சரிபார்க்க உதவும் ஒலி) பதிந்திருக்க வேண்டும். அதைத் தவறவிட்டு வேறு ஸ்டுடியோவுக்கு எடுத்துப்போனால், ஒலி மூச்சு வாங்குவதுபோல் ஏறி இறங்கும்.

'டியூபுலர் பெல்ஸ்' முழுக்க மைக் ஓல்ட்ஃபீல்டு ஒருவரே வாசித்தாரா?
– வாசகர், சிங்கப்பூர்

பெரும்பகுதி அவரே, 19 வயதில். ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் இருந்த மேனர் ஸ்டுடியோவில் 16 டிராக்கில் 1972–73-ல் பதிவாயிற்று. 1973 மே 25 அன்று வெளிவந்த அதுவே வர்ஜின் ரெக்கார்ட்ஸின் முதல் வெளியீடு. டாம் நியூமனும் சைமன் ஹேவர்த்தும் ஒலிப்பதிவில் கூட இருந்தார்கள்.

அதற்கு முன்பு வீட்டில் அவர் மாதிரி டேப் செய்த விதம்தான் எங்களுக்கு அதிகம் பிடித்தது. பாடகர் கெவின் அயர்ஸிடம் இரவல் வாங்கிய சாதாரண டேப் ரெக்கார்டரில், அழிக்கும் ஹெட்டை ஒரு அட்டைத் துண்டால் மறைத்துவிட்டார். பழையது அழியாமல் அதன் மேலேயே புதியது பதியும். பிசகினால் அதுவரை செய்த எல்லாமே போகும். பதியும் ஹெட்டின் உயர் அதிர்வு மின்னோட்டம் ஒவ்வொரு முறையும் பழைய பதிவின் கூர்மையைக் கொஞ்சம் அரித்துவிடும். ஆகவே முதலில் பேஸ், கடைசியில் மணி போன்ற கூரிய ஒலி என்று வரிசை வைக்க வேண்டும்.

ஆல்பத்தின் அட்டையில் 'ஸ்பீடு கிதார்' என்று இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். டேப்பைப் பாதி வேகத்தில் ஓட்டிக் கிதாரைப் பதிந்து, முழு வேகத்தில் ஒலிக்கவிட்டால் சுரம் ஒரு ஸ்தாயி மேலே போகும், மீட்டல் இரு மடங்கு வேகமாகும். கேட்க மாண்டலின் போலிருக்கும்.

ஒரே ஆல்பத்துக்குப் பழைய மிக்ஸ், புது மிக்ஸ் என்று விற்கிறார்கள். எதை வாங்குவது?
– வாசகர், திருச்சி

இரண்டு வேறு வேலைகளைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். ரீமாஸ்டர் என்றால் முடிந்த ஸ்டீரியோ டேப்பைத் தூய்மை செய்வது. ரீமிக்ஸ் என்றால் மல்டிடிராக் டேப்புக்கே திரும்பிப் போய்ப் புதிதாகக் கலப்பது. கிங் கிரிம்சனின் முதல் ஆல்பத்துக்கு இசைக்கலைஞர் ஸ்டீவன் வில்சன் 2009-ல் செய்த மிக்ஸ் கட்டாயம் கேட்க வேண்டியது. பவுன்ஸ் செய்வதற்கு முந்தைய 8 டிராக் டேப்புகளையே கணினியில் ஏற்றி, ஒன்றோடொன்று பொருத்தி, 1969-ல் நகலாகிப்போன ஒலிகளை முதல் தலைமுறைப் பதிவாகவே பயன்படுத்தினார். சிம்பலும் மெலோட்ரானும் விலகி நின்று கேட்கின்றன. அசல் மிக்ஸ் வேண்டுமானால் 2004-க்குப் பிறகு வந்த பதிப்பாகப் பாருங்கள். தொலைந்திருந்த முதல் மாஸ்டர் (முடிந்த கலவையின் அசல் டேப்) அப்போதுதான் பயன்பட்டது. அதற்கு முந்தைய சிடிக்கள் நகலின் நகலிலிருந்து எடுத்தவை. முதலில் அசல், பிறகு ரீமிக்ஸ் என்பது எங்கள் சிபாரிசு. அவர்கள் தீர்மானித்த கலவை அசலில்தான் இருக்கிறது.

நான் கணினியில் பாட்டுப் பதிகிறேன். அந்தக் கால முறையைப் பழக எப்படி ஆரம்பிப்பது?
– வாசகர், திருநெல்வேலி

ஒலிப்பதிவு மென்பொருள் ரீப்பர், ஆடாசிட்டி எதுவானாலும் எட்டு டிராக் மட்டும் திறந்து, ஒன்பதாவதைத் தொடுவதில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். முதலில் ஒரு தாளில் எட்டுக் கட்டம் போட்டு எதில் எது என்று எழுதுங்கள். 1-ல் டிரம்ஸ், 2-ல் பேஸ், 3, 4-ல் ரிதம் கிதார், 5, 6-ல் கீபோர்டு. இந்த ஆறையும் கலந்து 7, 8-ல் ஸ்டீரியோவாகப் பவுன்ஸ் செய்து, பழைய ஆறையும் வேறு ஃபோல்டருக்கு மாற்றிவிடுங்கள். திறக்கக் கூடாது. இப்போது ஆறு டிராக் காலி. குரலும் தனி வாசிப்பும் இந்த இரண்டாம் சுற்றில்தான் வர வேண்டும், அவற்றைப் பவுன்ஸ் செய்யக் கூடாது.

பவுன்ஸ் செய்யும்போது மீட்டர் உச்சம் மைனஸ் 6 டெசிபலைத் தாண்ட வேண்டாம். பேஸையும் டிரம்ஸையும் காதுக்குச் சரி என்று படுவதைவிட ஒரு பிடி கூடுதலாக வையுங்கள். மேலே கீபோர்டும் குரலும் வந்து உட்கார்ந்தபின் அவைதான் முதலில் மூழ்கும். ரிவெர்பை (அறையின் எதிரொலி போன்ற விளைவு) இந்தச் சுற்றில் சேர்க்காதீர்கள். இரண்டாம் சுற்றில் இன்னொரு ரிவெர்ப் வந்து சேரும்போது எல்லாம் குழம்பிவிடும்.

பதியும் முன் தாமதத்தைச் சோதியுங்கள். மெட்ரோனோம் ஒலியை ஹெட்ஃபோனில் விட்டு, மைக்கை அதன் மேல் வைத்துப் பதியுங்கள். இரண்டு அலைகளையும் பெரிதாக்கிப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். 48,000 சாம்பிள் வேகத்தில் 480 சாம்பிள் தள்ளியிருந்தால் 10 மில்லி நொடி. அந்த எண்ணை மென்பொருளின் தாமதத் திருத்தத்தில் போட்டுவிட்டு மறுபடி சோதியுங்கள். இதைச் செய்யாமல் நாலு ஓவர்டப் போட்டால், ஒவ்வொரு வாத்தியமும் டிரம்ஸுக்குப் பின்னால் அதே அளவு தள்ளி விழுந்து பாட்டு முழுதும் சோர்ந்து கேட்கும். பவுன்ஸ் ஆன பிறகு அதைப் பிரித்துத் திருத்தவும் முடியாது.